ராசம்மாளாக வாழ்ந்து மறைந்த ரோசி

2023-ம் ஆண்டு பிப்ரவரி 10-ம் தேதி கூகுள் தேடுபொறியைத் திறந்தவர்கள் அதன் முகப்பில் ஒரு பெண்ணின் ஓவியத்தைப் பார்த்தார்கள். அவர் பி.கே.ரோசி. மலையாளத்தின் முதல் திரைப்படத்தில் கதாநாயகியாக நடித்தவர். அன்று அவருடைய 120-வது பிறந்தநாள்.

அந்தப் படத்தை நம் மாவட்டத்திலும் பலர் செல்போனில் பகிர்ந்துகொண்டார்கள். ‘கேரளத்தின் முதல் நடிகை’ என்று எழுதி அனுப்பியவர்களில் எத்தனை பேருக்கு, அவர் தன் வாழ்க்கையின் பெரும்பகுதியை நாகர்கோவிலில்தான் கழித்தார் என்பது தெரிந்திருக்கும்? நம் தெருக்களில் நடந்தவர், நம் சந்தையில் காய்கறி வாங்கியவர், நம் ஊரிலேயே முதுமையடைந்தவர். ஆனால் ரோசி என்ற பெயரில் அல்ல. நடிகை என்ற அடையாளத்தோடும் அல்ல. தான் பிறந்த சாதியைச் சொல்லியும் அல்ல.

ஒரு படத்தில் நடித்ததற்காக ஒரு பெண் தன் பெயர், ஊர், சாதி, தொழில் எல்லாவற்றையும் விட்டுவிட வேண்டியிருந்த கதை இது.

புல் அறுத்த கைகள்

ரோசி 1903-ல் திருவனந்தபுரம் நந்தன்கோட்டில் ஒரு புலையர் குடும்பத்தில் பிறந்தார். வீட்டில் வைத்த பெயர் ராஜம்மா. தந்தை சீக்கிரமே இறந்துவிட்டார். சிறு வயதிலேயே புல் அறுத்து விற்றுக் குடும்பத்துக்கு உதவியவர் என்று அவரைப் பற்றி எழுதியவர்கள் குறிப்பிடுகிறார்கள். ராஜம்மா எப்படி ரோசி ஆனார் என்பதற்கு இரண்டு விளக்கங்கள் சொல்லப்படுகின்றன. குடும்பம் கிறிஸ்தவத்தைத் தழுவியபோது கிடைத்த பெயர் என்பது ஒன்று. சினிமாவுக்காக வைக்கப்பட்ட பெயர் என்பது மற்றொன்று.

அவர் பிறந்த காலத்தின் திருவிதாங்கூரை நினைத்துப் பார்க்க வேண்டும். புலையர்கள் பொதுச்சாலையில் நடக்கத் தடை இருந்தது. அந்தத் தடையை மீறி 1893-ல் அய்யன்காளி வில்லுவண்டியில் ஏறிச் சாலையில் பயணம் செய்தார். 1907-ல் சாதுஜன பரிபாலன சங்கத்தைத் தொடங்கினார். ஊரூட்டம்பலத்தில் பஞ்சமி என்ற புலையர் சிறுமியைப் பள்ளியில் சேர்க்க அவர் கூட்டிச் சென்றபோது, அந்தப் பள்ளிக்கூடத்துக்கே தீ வைத்தார்கள். அடிமைத்தனத்தின் அடையாளமாகப் புலையர் பெண்கள் கழுத்தில் சுமந்த கல்மாலைகளை 1915-ல் பெரிநாட்டில் அறுத்து எறிந்தார்கள். அப்போது ராஜம்மாவுக்கு 12 வயது.

இந்தச் சூழலில்தான் அவர் நாடகத்துக்கு வந்தார். தாய்மாமன் ஒருவர் ஊக்கம் கொடுத்ததாகச் சொல்வார்கள். அவர் கற்றது காக்காரிசி நாடகம். சிவனும் பார்வதியும் குறி சொல்லும் நாடோடிகளான காக்கானாகவும் காக்காத்தியாகவும் பூமிக்கு வருவதாக அமைந்த கூத்து அது. பாட்டு, ஆட்டம், கேலி எல்லாம் கலந்தது. தமிழும் மலையாளமும் சேர்ந்து ஒலிக்கும். பெண் வேடத்தையும் ஆண்களே கட்டிவந்த மேடையில் ஒரு பெண் ஏறி நடித்தது, அதுவும் ஒரு புலையர் பெண் நடித்தது, சாதாரண விஷயம் அல்ல. சினிமா அவரைத் தேடி வருவதற்கு முன்பே அவர் கலைஞராக இருந்தார். இதை மறந்துவிட்டு, யாரோ ஒருவர் தெருவில் கண்டெடுத்து நடிக்க வைத்த அப்பாவிப் பெண்ணாக ரோசியைப் பார்ப்பது சரியல்ல.

அகஸ்தீஸ்வரத்துக்காரர் எடுத்த படம்

அந்தப் படத்தை எடுத்தவர் ஜே.சி.டேனியல். 1900-ல் அகஸ்தீஸ்வரத்தில் பிறந்தவர், நாடார் கிறிஸ்தவர். சிலம்பம், களரி போன்ற தற்காப்புக் கலைகளில் ஈடுபாடு கொண்டவர். அந்தக் கலைகளை உலகத்துக்குக் காட்டச் சினிமாவே சிறந்த வழி என்று நம்பியவர். சொந்த நிலத்தை விற்றார், பம்பாய் சென்று தொழிலைத் தெரிந்துகொண்டு வந்தார். 1926-ல் திருவனந்தபுரத்தில் ‘திருவிதாங்கூர் நேஷனல் பிக்சர்ஸ்’ என்ற நிறுவனத்தைத் தொடங்கினார். கேரள மண்ணில் உருவான முதல் திரைப்பட நிறுவனம் அதுதான்.

அவர் எடுத்த படம் ‘விகதகுமாரன்’. தொலைந்துபோன மகன் என்று பொருள். பேசாப் படம். பணக்காரக் குடும்பத்துப் பையன் ஒருவன் இலங்கைக்குக் கடத்தப்பட்டு, அங்கே தோட்டத் தொழிலாளியாக வளர்ந்து, பல ஆண்டுகளுக்குப் பிறகு வீடு திரும்புவதே கதை. புராணக் கதைகளே படமாகிக்கொண்டிருந்த காலத்தில் சமூகக் கதை ஒன்றை டேனியல் தேர்ந்தெடுத்தார். கதாநாயகனாக அவரே நடித்தார்.

கதாநாயகிதான் கிடைக்கவில்லை. நடிப்பது குடும்பப் பெண்ணுக்கு ஆகாத காரியம் என்று கருதப்பட்ட காலம். பம்பாயிலிருந்து ஒரு நடிகை வரவழைக்கப்பட்டு, செலவு கட்டுப்படியாகாமல் திருப்பி அனுப்பப்பட்டதாகச் சொல்கிறார்கள். கடைசியில் நாடகத்தில் நடித்துக்கொண்டிருந்த ரோசியை டேனியல் தேர்ந்தெடுத்தார். அவருக்குக் கொடுக்கப்பட்ட பாத்திரத்தின் பெயர் சரோஜினி. அது ஒரு நாயர் பெண்ணின் பாத்திரம்.

ஒரு நாளைக்கு 5 ரூபாய் சம்பளத்தில் 10 நாள் நடித்ததாக அவரைப் பற்றிய குறிப்புகள் கூறுகின்றன. கூலி வேலைக்குப் போவதுபோல மதியச் சோற்றைக் கையோடு கொண்டுபோய், மாலை ஆனதும் வீடு திரும்பினாராம். பகலில் பட்டும் நகையும் அணிந்து தறவாட்டுப் பெண்ணாக நிற்பார். பொழுது சாய்ந்தால் குடிசைக்குத் திரும்புவார். படப்பிடிப்பு நடந்த இடத்துக்குள் மட்டும்தான் அந்த மாற்றத்துக்கு அனுமதி இருந்தது.

முதல் காட்சி

‘விகதகுமாரன்’ திருவனந்தபுரம் கேபிட்டல் தியேட்டரில் திரையிடப்பட்டது. 1928 நவம்பர் 7 என்று நெடுங்காலமாகச் சொல்லப்படும் தேதியை மறுத்து, 1930 அக்டோபர்தான் சரி என்று வாதிடுவோரும் உண்டு. அன்று நடந்தது என்ன என்பதில் பெரிய கருத்து வேறுபாடு இல்லை.

படத்தைத் தொடங்கிவைக்க நகரின் பெரிய வழக்கறிஞரான மள்ளூர் கோவிந்தப் பிள்ளை அழைக்கப்பட்டிருந்தார். கதாநாயகி வந்தால் தான் மேடை ஏற முடியாது என்று அவர் சொல்லிவிட்டதாகப் பதிவுகள் கூறுகின்றன. ரோசிக்கு அழைப்பு போகவில்லை. ஆனாலும் அவர் வந்தார். தான் நடித்த படத்தைப் பார்க்க வேண்டும் என்ற ஆசை இருக்காதா? முதல் காட்சிக்கு உள்ளே விடவில்லை, அடுத்த காட்சிக்குக் காத்திருக்கச் சொன்னார்கள்.

உள்ளே படம் ஓடியது. கதாநாயகன் கதாநாயகியின் கூந்தலில் இருந்த பூவை எடுத்து முத்தமிடும் காட்சி வந்தது. கூச்சல் எழுந்தது. ஒரு புலையர் பெண் நாயர் பெண்ணாக வருவதா என்று கல் வீசினார்கள். திரை கிழிந்தது. காட்சி நின்றது.

இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். திரையில் நடந்தது காதல் காட்சி. அதில் கோபப்பட எதுவும் இல்லை. அந்தப் பெண் அடிமையாகவோ வேலைக்காரியாகவோ வந்திருந்தால் ஒருவரும் கல்லை எடுத்திருக்க மாட்டார்கள். நல்ல உடை உடுத்தி, தலையில் பூ வைத்து, நேசிக்கப்படுகிற பெண்ணாக வந்ததுதான் பொறுக்க முடியாததாக இருந்தது.

டேனியல் பற்றியும் ஒரு சொல் சொல்லியாக வேண்டும். மேலாடை அணியும் உரிமைக்காக நாடார் பெண்கள் பல ஆண்டுகள் போராடிய தென் திருவிதாங்கூர் மண்ணில் வந்தவர் அவர். புலையர் பெண்ணை நாயர் பாத்திரத்தில் நடிக்க வைத்தது அந்த வரலாற்றுக்குப் பொருத்தமான துணிச்சல். ஆனால் தியேட்டர் வாசலில் அவர் பக்கம் நிற்கும் துணிச்சல் டேனியலுக்கு வரவில்லை. இரண்டும் உண்மை. ஒன்றைச் சொல்லி மற்றொன்றை மறைக்கக் கூடாது.

லாரி ஏறிய இரவு

கல்வீச்சோடு விஷயம் முடியவில்லை. ரோசியின் வீட்டுக்கு வந்து தொல்லை கொடுத்தார்கள். கடைசியில் வீட்டுக்குத் தீ வைத்தார்கள். பஞ்சமிக்காகப் பள்ளிக்கூடம் எரிந்தது, ரோசிக்காக வீடு எரிந்தது. படிக்க வந்தாலும் நடிக்க வந்தாலும் பதில் ஒன்றாகவே இருந்தது.

இரவோடு இரவாக ரோசி ஊரைவிட்டு ஓடினார். சாலையில் வந்த ஒரு லாரியில் ஏறி நாகர்கோவில் பக்கம் வந்து சேர்ந்தார் என்பதே அவரைப் பற்றி விசாரித்தவர்கள் சொல்லும் செய்தி. அந்த லாரியின் டிரைவரையே பின்னர் திருமணம் செய்துகொண்டார். அவர் நாயர் சாதியைச் சேர்ந்தவர். கேரளத்திலிருந்து தமிழ்நாட்டுக்கு ஓடினார் என்று எழுதுவது வழக்கமாகிவிட்டது. உண்மையில் அன்றைக்கு நாகர்கோவிலும் திருவிதாங்கூர் சமஸ்தானம்தான். 1956 நவம்பர் 1-ல்தான் நம் பகுதி தமிழ்நாட்டோடு இணைந்தது. ரோசி எல்லை தாண்டி ஓடவில்லை. அதே மகாராஜாவின் ஆட்சிக்குள், தன்னை யாருக்கும் தெரியாத ஊருக்கு ஓடினார்.

நாகர்கோவிலில் அவர் பெயர் ராசம்மாள். சுற்றியிருந்தவர்களுக்கு அவர் ஒரு நாயர் வீட்டுப் பெண். பிள்ளைகளும் நாயர்களாகவே வளர்ந்தார்கள். தாய் ஒரு காலத்தில் நாடகத்தில் நடித்தவர் என்பதற்கு மேல் அவர்களுக்குக் கூட அதிகம் தெரியாது என்று சொல்லப்படுகிறது.

நாயர் பெண்ணாகப் பத்து நாள் கேமரா முன் நடித்ததற்காக வீட்டை எரித்தார்கள். அதன் பிறகு உயிரோடு இருப்பதற்காக அவர் ஆயுள் முழுவதும் நாயர் பெண்ணாகவே வாழ வேண்டியதாயிற்று.

அந்த வாழ்க்கை எப்படி இருந்திருக்கும்? சொந்தத் தாய் வீட்டுக்குப் போக முடியாது. பிறந்த சாதியைச் சேர்ந்தவர்கள் எதிரில் வந்தால் தெரிந்தவர்கள்போலப் பேச முடியாது. ஊரில் புதுப்படம் வந்தால், நானும் நடித்தேன் என்று பக்கத்து வீட்டுக்காரியிடம் சொல்ல முடியாது. வாடகை வீடு கேட்கப் போகும்போது சாதியை மாற்றிச் சொல்லவும், சொந்த ஊரின் பெயரை மழுப்பவும் பழகிக்கொண்ட நம்மில் பலருக்கு அந்த வாழ்க்கையின் ஒரு பங்கு புரியும். அலுவலகத்தில், கல்லூரி விடுதியில், நகரத்துக் குடியிருப்பில் இன்றும் எத்தனையோ ராசம்மாள்கள் இருக்கிறார்கள். அவர்களைக் கோழைகள் என்று யாரும் சொல்லிவிட முடியாது. மறைக்க வேண்டிய நிலைக்குத் தள்ளியவர்களைத்தான் கேட்க வேண்டும்.

மூன்று முதல் நாயகிகள்

ரோசிக்கு நேர்ந்தது நடிக்க வந்த எல்லாப் பெண்களுக்கும் நேர்ந்ததுதானே என்று கேட்பவர்கள் உண்டு. நடிக்க வந்த எல்லாப் பெண்களும் ஏச்சு வாங்கினார்கள் என்பது உண்மை. 1913-ல் தாதாசாகேப் பால்கேயின் ‘மோகினி பஸ்மாசுர்’ படத்தில் துர்காபாய் காமத்தும் அவர் மகள் கமலாபாயும் நடித்தார்கள். இந்தியத் திரையின் முதல் நடிகைகள் அவர்கள். பிராமண சமூகத்தைச் சேர்ந்த துர்காபாயை அவர் சமூகம் ஒதுக்கிவைத்தது. ஆனால் கமலாபாய் கோகலே பல பத்தாண்டுகள் தொடர்ந்து நடித்தார். அவர் மகன் சந்திரகாந்த் கோகலே நடிகர், பேரன் விக்ரம் கோகலே பேர்பெற்ற நடிகர்.

தமிழில் முதல் பேசும்படமான ‘காளிதாஸ்’ 1931-ல் வந்தது. அதன் கதாநாயகி டி.பி.ராஜலட்சுமி பிராமணக் குடும்பத்தில் பிறந்தவர். அவரும் எதிர்ப்புகளைச் சந்தித்தார். ஆனால் ‘சினிமா ராணி’ என்று கொண்டாடப்பட்டார். 1936-ல் ‘மிஸ் கமலா’ படத்தை இயக்கி, தமிழின் முதல் பெண் இயக்குநரும் ஆனார்.

ஏச்சு மூவருக்கும் கிடைத்தது. ஆனால் அடுத்த படம் இருவருக்குத்தான் கிடைத்தது. ரோசிக்கு ஒரே படம். அதிலும் ஊமைப்படம் என்பதால் அவர் குரல் பதிவாகவில்லை. அந்தப் படத்தின் பிரதியும் இன்று இல்லை. சிறு வயதில் விவரம் தெரியாமல் படச்சுருளை எரித்து விளையாடியதாக டேனியலின் மகனே பின்னாளில் சொல்லியிருக்கிறார். ரோசியின் படம் என்று புழங்கும் புகைப்படம் அவருடையதுதானா என்பதிலும் ஒருமித்த கருத்து இல்லை.

தேடி எடுத்தவர்கள்

டேனியலும் நொடித்துப்போனார். ஸ்டுடியோவை விற்றுப் பல் மருத்துவராகப் பாளையங்கோட்டை போன்ற ஊர்களில் தொழில் செய்தார். 1975-ல் அகஸ்தீஸ்வரத்தில் இறந்தார். மலையாள சினிமாவின் தந்தை என்ற அங்கீகாரம் உயிரோடு இருந்தவரை அவருக்குக் கிடைக்கவில்லை. அவர் ஊர் தமிழ்நாட்டில் இருக்கிறது என்பதும் ஒரு காரணமாகச் சொல்லப்பட்டது. பத்திரிகையாளர் சேலங்காட்டு கோபாலகிருஷ்ணன் விடாமல் எழுதி அவரை வெளிச்சத்துக்குக் கொண்டுவந்தார். 1992-ல் கேரள அரசு ஜே.சி.டேனியல் பெயரில் விருதை ஏற்படுத்தியது. மலையாள சினிமாவில் வாழ்நாள் சாதனைக்கு இன்றும் அந்த விருதுதான் வழங்கப்படுகிறது.

ரோசிக்கு இன்னும் காத்திருக்க வேண்டியிருந்தது. அவர் யார் என்று முதலில் எழுதத் தொடங்கியவர் தலித் எழுத்தாளர் குன்னுகுழி எஸ்.மணி. 1970-களின் தொடக்கத்திலிருந்தே அவர் தேடிச் சேகரித்த செய்திகள்தான் இன்று நாம் அறிந்திருப்பவற்றின் அடித்தளம். வினு ஆபிரகாம் எழுதிய ‘நஷ்ட நாயிகா’ நாவல் ரோசியின் கதையைச் சொன்னது. அந்த நாவலையும் துணைக்கொண்டு கமல் இயக்கிய ‘செல்லுலாய்டு’ 2013-ல் வந்தது. பிருத்விராஜ் டேனியலாகவும் சாந்தினி ரோசியாகவும் நடித்தார்கள். கேரள அரசின் சிறந்த படத்துக்கான விருது அதற்குக் கிடைத்தது.

அந்தப் படத்தின் வழியாகத்தான் ரோசியின் பெயர் வீடுவீடாகச் சேர்ந்தது. ஆனால் தலித் எழுத்தாளர்கள் அதை விமர்சிக்கவும் செய்தார்கள். மேடைக் கலைஞரான ரோசியை எதற்கும் தயங்கி ஒடுங்கும் பெண்ணாகக் காட்டிவிட்டார்கள் என்றார்கள். தலித் பெண் ஒருவர் இன்றைய மலையாள சினிமாவிலாவது நாயர் பெண்ணாக நடிக்க முடியுமா என்று ஆய்வாளர் ஜென்னி ரொவினா கேட்டார். இந்தக் கேள்வி தமிழ் சினிமாவுக்கும் பொருந்தும்.

2019-ல் மலையாளத் திரையுலகப் பெண்கள் கூட்டமைப்பு ரோசியின் பெயரில் திரைப்படச் சங்கம் தொடங்கியது. சென்னையில் இயக்குநர் பா.இரஞ்சித்தின் நீலம் பண்பாட்டு மையம், தலித் வரலாற்று மாதமான ஏப்ரலில் பி.கே.ரோசி திரைப்பட விழாவை நடத்தியது.

நாகர்கோவில் என்ன செய்யப்போகிறது?

திருவனந்தபுரம் அவரை விரட்டியது, பிறகு நினைவுகூர்ந்தது. சென்னை அவர் பெயரில் விழா எடுத்தது. பல பத்தாண்டுகள் அவர் வாழ்ந்த நாகர்கோவில் என்ன செய்தது?

ஒரு அரங்கத்துக்கோ நூலகத்துக்கோ அவர் பெயரை வைக்கலாம். மாவட்டத்தில் நடக்கும் புத்தகத் திருவிழாவில் ஒரு மாலையை அவருக்காக ஒதுக்கலாம். நம் கல்லூரிகளில் ஊடகமும் வரலாறும் படிக்கும் மாணவர்கள் காக்காரிசி நாடகம் பற்றியும், எல்லை கடந்து நடமாடிய தலித் கலைஞர்கள் பற்றியும் மிச்சமிருக்கும் முதியவர்களிடம் கேட்டுப் பதிவு செய்யலாம். இதற்குப் பெரிய நிதி எதுவும் வேண்டாம். ஒன்றில் மட்டும் கவனம் தேவை. அவர் குடும்பத்தினரின் வாசலில் கேமராவோடு போய் நிற்பது நினைவுகூர்தல் ஆகாது. எந்தப் பெயரில் வாழ்வது என்பது அவர்கள் முடிவு. நாம் ரோசியைக் கொண்டாட அவர்களுடைய சாதிச் சான்றிதழ் தேவையில்லை.

இன்னொன்றையும் நினைவில் வைக்க வேண்டும். ரோசியின் வீடு எரிந்தபோது சாதிக் கொடுமைக்கு எதிராகப் புகார் கொடுக்க அவருக்குத் தனிச் சட்டம் இல்லை. ஆலயப் பிரவேசப் பிரகடனமே 1936-ல்தான் வந்தது. இன்று 1989-ம் ஆண்டின் வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் இருக்கிறது. பட்டியல் சாதியினரின் குடியிருப்புக்குத் தீ வைப்பது ஆயுள் தண்டனை வரை செல்லும் குற்றம். வீட்டைவிட்டோ ஊரைவிட்டோ அவர்களை வெளியேறச் செய்வதும் தண்டனைக்குரியது. சாதியின் பெயரால் மிரட்டப்பட்டு ஊரைக் காலிசெய்ய நினைக்கும் எந்தக் குடும்பமும், லாரி ஏறுவதற்கு முன் காவல் நிலையப் படி ஏற வேண்டும். கூட நாலு பேர் போக வேண்டும். அன்றைக்கு ரோசியோடு கூடப் போக ஒருவரும் இல்லை.

அடுத்த பிப்ரவரி 10-ம் தேதிக்கு இன்னும் நாள் இருக்கிறது. அன்றைக்கு நாகர்கோவிலில் ஒரு சிறு கூட்டமாவது நடக்கட்டும். ராசம்மாள் என்று மட்டுமே இந்த ஊர் அறிந்திருந்த பெண்ணை, ஒருமுறையாவது ரோசி என்று உரக்கக் கூப்பிடுவோம்.